மருதமுனையில் தறிகள் நின்றுபோன மூன்று நிமிடம்

எண்பதுகளின் தொடக்கத்தில், கொழும்பில் படப் பைத்தியம் பிடித்து அலைந்த நாட்களில், ஓர் ஓகஸ்ட் மாதம், கிழக்குக் கரையில் நெசவுக்குப் பேர்போன மருதமுனைக்குப் போனேன். கதையே இல்லாத ஒரு படம் எடுப்பது திட்டம். கட்டடம்தான் நடிகர், அதற்குள் பிறக்கும் ஓசைதான் இசை. நெசவுக் கொட்டிலின் தூண்கள் ஒவ்வொன்றாகத் திரையில் வர, தறியின் அடியும் அதே கணக்கில் விழ வேண்டும். கையில் இரவல் கமெரா, ஒரு கசெட் ரெக்கோடர், மூன்று நிமிடம் ஓடும் ஒரேயொரு பிலிம் சுருள். அது பிழையாகிப் போனால் படமே இல்லை.

மட்டக்களப்பில் காலை 7.15க்குக் கல்முனை பஸ். சுமார் 35 கிலோமீற்றர், ஒன்றரை மணித்தியாலம், மூன்று ரூபாய். வழியில் மருதமுனையில் இறங்கியதும் தெருவெல்லாம் தறிச்சத்தம். ஓலைக் கூரைக்குள் அமுங்கியும் தகரக் கூரைக்குள் கணீரென்றும் கேட்டது. கூரைதான் இசையமைக்கிறது என்று துள்ளினேன்.

ஊரே காக்கா, அதாவது அண்ணன், என்று கூப்பிடும் நெசவாளர் ஹனிபாவின் தகரக் கொட்டிலுக்குள் கால் வைத்தேன். ஓடிக்கொண்டிருந்த நான்கு தறிகளும் நின்றன.

"வாங்க தம்பி, இரிங்க. தேத்தண்ணி வருது."

"நீங்க வேலையைப் பாருங்க காக்கா. எனக்கு அந்தச் சத்தம்தான் வேணும்."

"விருந்தாளி வந்திரிக்கக்குள்ள தறி அடிக்கிறயா? நல்ல கதை!"

குடித்துவிட்டு வெளியே வந்தேன். தறிகள் ஓடின. திரும்ப நுழைந்தேன். தறிகள் நின்றன, வாழைப்பழம் வந்தது. பக்கத்து இரண்டு வீடுகளிலும் இதே கூத்து. கட்டடத்துக்குள் நான் இருந்தால் இசை இல்லை, இசை இருந்தால் நான் அங்கே இல்லை. அப்படியானால் இரண்டுக்கும் என்னதான் உறவு?

நாலு மணிக்கு வெளிச்சம் சரியத் தொடங்கவும் மனம் விட்டுப்போனது. காக்காவின் கொட்டிலுக்குத் திரும்பி, எல்லோரையும் ஒதுங்கச் சொல்லி, அசையாத தறிகளையும் தூண்களையும் கூரையையும் சுருள் முடியும்வரை எடுத்தேன். பிறகு காக்காவிடம் சொல்லி ரெக்கோடரை உள்ளே ஓடவிட்டுக் கடற்கரைக்கு நடந்தேன். அரை மணித்தியாலத்தில் ஓசை கிடைத்தது.

கொழும்பில் திரையிட்டபோது, ஆளில்லாத தறிகளின் மேல் அந்த ஓசை ஓட, "என்ன துணிச்சல்!" என்று கைதட்டினார்கள். எல்லாம் தேநீரால் வந்தது என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அடுத்த வருடம் புரொஜெக்டரோடும் அந்தக் கசெட்டோடும் போய்க் காக்காவுக்குக் காட்டினேன். கடைசிவரை கண் எடுக்காமல் பார்த்தார்.

"எங்கட கொட்டில்தான். எங்கட தறிதான் கேக்குது. நாங்க எங்க தம்பி?"

வெட்கத்தோடு குனிந்து சுருளைத் திருப்பிச் சுற்றத் தொடங்கினேன்.

இப்படியொரு படத்துக்காகப் போகிறவர்கள் வெள்ளிக்கிழமையைத் தவிருங்கள், ஜும்ஆத் தொழுகைக்காகத் தறிகள் ஓய்ந்திருக்கும். ஒரு நாள் போதாது. கமெராவைப் பைக்குள்ளேயே வைத்துக்கொண்டு, கொடுக்கிற தேநீரையெல்லாம் குடியுங்கள். நீங்கள் உள்ளே நுழைந்தும் தறி நிற்காத ஒரு நாள் வரும். அன்றைக்கு எடுங்கள், ஆட்களோடு.