அன்னாசி சுட்ட மத்தியானம்

கல்யாணமாகி மயிலாப்பூருக்கு நான் வந்த மூன்றாம் வருஷம், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் தொடக்கம். எங்கள் வீட்டுக் கொல்லைச் சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு முஸ்லிம் தையற்காரர் குடும்பம் இருந்தது. அவருடைய மனைவியை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். மார்பளவுச் சுவர். துணி உலர்த்தும் சாக்கில் தினமும் பேசிக்கொள்வோம்.

அக்காவின் மைத்துனர் பினாங்கில் இருந்துவிட்டு வந்தவர். அங்கே தின்ற சுட்ட அன்னாசியை இங்கே செய்துகாட்டியிருக்கிறார். அக்கா எனக்குச் சொல்லிக்கொடுத்தார். பழத்தை நீளவாட்டில் நறுக்கி, உப்புத் தடவி, கழுவிய பழைய குடைக்கம்பியில் கோத்து, கரி அடுப்பில் திருப்பித் திருப்பிச் சுட வேண்டும். தொட்டுக்கொள்ள வெல்லப்பாகும் கெட்டித் தேங்காய்ப்பாலும்.

"பாகு அடுப்புல கீறப்போ பாலை ஊத்தாதே, திரிஞ்சு பூடும். இறக்கி வெச்சி ஊத்து" என்றார்.

அந்தச் சமயம் என் நாத்தனார் ஐந்து மாதக் கர்ப்பத்தோடு வந்திருந்தாள். மாமியார் சைதாப்பேட்டைக்கு ஒரு துக்கம் விசாரிக்கப் போன மத்தியானம், நான் கடைத்தெருவில் வாங்கிவைத்திருந்த பழத்தைச் சுட்டேன். ஓரங்கள் கருகி, சாறு கரியில் சொட்டி, வீடெல்லாம் மணம். நாத்தனார் அடுப்படிக்கு வந்து நின்றாள்.

"அண்ணி, ஒரே ஒரு துண்டு."

மாசமாக இருப்பவர்களுக்கு அன்னாசி ஆகாது என்பார்கள். எனக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். ஆனாலும் கொடுத்தேன். ஒன்று நாலாயிற்று. பாகுக் கிண்ணத்தை விரலால் வழித்துத் தின்றாள்.

மறுநாள் காலையில் அவளுக்கு உதிரம் பட்டது. லேடி டாக்டர் வந்து பார்த்து, படுத்தே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். நாத்தனார் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நான் கேட்டு வாங்கித் தின்னேன்னு அம்மாகிட்ட சொல்லிடாதீங்க அண்ணி."

மாமியார் குப்பையில் தோலைப் பார்த்துவிட்டார். "யாருடி இவளுக்கு அன்னாசி குடுத்தது?"

நான்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். வந்தது வேறு. "பின்னாடி வீட்டு அக்கா குடுத்தாங்க. மசக்கைக்கு நல்லதுன்னாங்க."

மாமியார் நேரே கொல்லைக்குப் போனார். அக்கா துணி பிழிந்துகொண்டிருந்தார்.

"வயித்துப்புள்ளக்காரிக்கு அன்னாசியக் குடுத்திருக்கியே, நீயும் பெத்தவதானே?"

"நானு ஒண்ணும் குடுக்கலியேம்மா" என்ற அக்கா, மாமியாருக்குப் பின்னால் நின்ற என்னைப் பார்த்தார். நான் குனிந்து, காலி வாளியை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டேன். அந்த வாரமே கொத்தனார் வந்து, சுவரைத் தலைக்கு மேல் உயர்த்திக் கட்டினார்.

டாக்டர் அடுத்த முறை வந்தபோது, நாலு துண்டுப் பழத்தால் இப்படி ஆகாது, உடம்பின் பலவீனம்தான் என்றார். உரிய மாதத்தில் பெண் குழந்தை பிறந்தது, நல்ல கனமாக. சுவரைப் பற்றி யாரும் பேசவில்லை. தையற்காரர் குடும்பம் சைதாப்பேட்டைக்கு வீடு மாறிப் போனதைக்கூட வண்ணாத்தி சொல்லித்தான் தெரிந்துகொண்டேன்.

இரண்டு வருஷம் கழித்து, சைதாப்பேட்டை மார்க்கெட்டில் அக்காவைப் பார்த்தேன். ஓடிப்போய்ப் பையைப் பிடித்துக்கொண்டேன்.

"அக்கா, அன்னிக்கு நான்தான்..."

"அது எனக்குத் தெரியாதா? குழந்தை எப்படி கீது, அத்த சொல்லு முதல்ல."

"நல்லா இருக்கு. ஓடி விளையாடுது."

அக்கா கண்ணை மூடி ஏதோ முணுமுணுத்தார். பிறகு, "அது பொறக்கிற வரைக்கும் நானு தூங்கலம்மா. பக்குவம் சொல்லிக்குடுத்ததே நாந்தானேன்னு பயந்துகினு கெடந்தேன்" என்றார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. "மன்னிச்சுடுங்க அக்கா."

"உங்க மாமியாராண்ட சொல்லிட்டியா?"

நான் பையை இன்னும் இறுக்கிப் பிடித்தேன். அக்கா பையை என் கையிலிருந்து மெதுவாக விடுவித்துக்கொண்டு, மீன்காரிகள் பக்கம் நடந்து போய்விட்டார்.

அன்று சாயங்காலம் மாமியார் கூடத்தில் தனியாக உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்து, "ஏன் முகம் ஒரு மாதிரி இருக்கு?" என்றுகூடக் கேட்டார்.

"வெயில்" என்றேன்.

அதற்குப் பிறகு பதினோரு வருஷம் அவர் உயிரோடு இருந்தார்.