அவர் சொன்ன என் ஞாபகம்

கடலூரில் ஒரு மருத்துவமனை. சின்ன வயது பற்றி டாக்டர் கேட்டதும் என் கணவர் மடை திறந்தாற்போல் பேசினார். அப்பாவோடு கட்டுமரத்தில் போனது, முகத்துவாரத்தில் அலை புரட்டியது, வலையைப் பிடித்துக்கொண்டே கரை சேர்ந்தது. "பழசெல்லாம் நல்லா ஞாபகம் இருக்கே. பயப்படாதீங்கம்மா" என்றார் டாக்டர்.

ஆனால் என் மாமனார் புவனகிரியில் பஸ் கண்டக்டர். என் கணவருக்கு நீச்சலே தெரியாது. அது அவர் படமெடுத்த ஒரு மீனவருடைய கதை.

அவர் ஆவணப்பட இயக்குநர். எடுப்பதெல்லாம் விசித்திரமான படங்கள். ஒருவருடைய நினைவை இன்னொருவர் வாயால் 'நான்' என்று சொல்ல வைப்பார். மீனவர் பட்டதைத் தையல்காரர் சொல்வார். அதற்கு முன்பு என் கணவரே மனப்பாடம் செய்து என்னிடம் சொல்லிப் பார்ப்பார். நினைவுக்குச் சொந்தக்காரர் கிடையாது, யார் சுமக்கிறார்களோ அவர்தான் அந்த ஆள் என்பார். "அப்போ நம்ம கல்யாணத்த யாருக்குத் தூக்கிக் குடுக்கப் போறீங்க?" என்று கேலி செய்வேன்.

தெரிந்த தெருவிலேயே வழி தவறியதால்தான் டாக்டரிடம் வந்திருந்தோம். நான் விஷயத்தைச் சொன்ன பிறகே ஸ்கேன் எழுதினார். டிமென்ஷியா (மூளையின் செல்கள் மெல்ல அழியும் மறதிநோய்). கூடவே இட்டுக்கட்டல் (நினைவில் விழுந்த ஓட்டையை மூளை வேறு கதையால் அடைத்துக்கொள்வது, பொய் இல்லை, அவர் நம்பித்தான் சொல்கிறார்). மாத்திரை கொஞ்சம் தாமதப்படுத்தலாம், போனதைக் கொண்டுவராது என்றார்கள். இதைப் படிக்கிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன், உங்கள் வீட்டு நோயாளி சரளமாகப் பேசுகிறாரே என்று நிம்மதியடையாதீர்கள். அவர் வாழ்க்கையை அறிந்த ஒருவர் பக்கத்தில் இருக்கட்டும்.

எனக்கு ஒரே பயம். எங்களுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்து, பெயர் வைக்கும் முன்பே போய்விட்டது. அதைப் பற்றி அவர் ஒருநாளும் வாய் திறந்ததில்லை, அழுததுமில்லை. அவளை நினைத்துக்கொள்ள உலகத்தில் நாங்கள் இரண்டு பேர்தான் மிச்சம். அவரும் மறந்துவிட்டால் நான் ஒருத்திதான்.

ஒரு மாலை, சிதம்பரம் வீட்டில், ஜன்னல் வெளிச்சம் முகத்தில் விழும்படி என்னை உட்கார வைத்தார். கையில் கேமரா இல்லை. "சொல்லுங்கம்மா, உங்களுக்கு எத்தன புள்ளைங்க?" என்றார். என்னை 'வாங்க போங்க' என்று அவர் பேசியதே இல்லை. அழுகையை அடக்கிக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னேன். குறுக்கே பேசாமல் கேட்டார்.

மறுபடி கடலூர் போனபோது, "எப்படி இருக்கீங்க சார்?" என்றார் டாக்டர்.

"புள்ள போயிடுச்சு டாக்டர்" என்றார் இவர். "பால் கட்டிக்கிச்சு. ஜாக்கெட்டெல்லாம் நனைஞ்சி போவுது. பீச்சி ஊத்துடின்னாங்க எங்கம்மா. எனக்கு ஊத்த மனசு வரல." சட்டையை மார்போடு பிடித்துக்கொண்டு விம்மினார்.

டாக்டர் என்னைப் பார்த்தார். என் மார்பில் பழைய கனம் ஏறிக்கொண்டிருந்தது. அவள் போய் ஒரு வாரம்கூட ஆகாதது போலிருந்தது. தோளைத் தொடப் போனேன். யாரோ என்று தள்ளி உட்கார்ந்துகொண்டு, அவர் என் பிள்ளைக்காக அழுதார்.