கேட்க ஆளில்லாத வசனம்

சவரம் செய்யும்போது அவருடைய ஒரு கன்னம் அழும், மறு கன்னம் முறைக்கும். கண்ணாடி முன் தினமும் இந்தக் கூத்துதான். "சீக்கிரம் வாங்கப்பா, பாதி மூஞ்சியச் சாயங்காலம் வச்சுக்கலாம்" என்று மகன் கதவைத் தட்டுவான்.

பேசாத படங்களின் காலத்தில் ராஜா வேஷம் கட்டியவர். தெருவுக்கு இன்றும் அவர் 'ராஜா'தான். அதற்கு முன்பு நாடக மேடை. "கடைசி பெஞ்சுல இருக்கறவனுக்கும் என் புருவம் கேக்கும்" என்பார். குரல்தான் கீச்சுக்குரல். படம் பேசத் தொடங்கியதும், முதல் சோதனையிலேயே ஒலிப்பதிவுக்காரர் சிரித்துவிட்டார். அதோடு அரிதாரம் போயிற்று. தன் படங்கள் ஓடிய கொட்டகையின் வாசலிலேயே நின்று வயதாகும்வரை டிக்கெட் கிழித்தார்.

ஊமைப்படத்தில் முகம்தான் முதல். வாய் எதை வேண்டுமானாலும் பேசலாம்; கேட்க ஆளேது? காதலியின் கையைப் பிடித்துக்கொண்டு, "கொசு கடிக்குது, சீக்கிரம் முடி" என்பாராம். இதையெல்லாம் மருமகளிடம் சொல்லிச் சிரிப்பார். சின்ன வயதில் காய்ச்சலில் காது போனவள்; உதட்டைப் பார்த்தே பேச்சைப் பிடித்துவிடுவாள். போன வருஷம் அவள் கைக்குழந்தையைப் பறிகொடுத்தபோது, முகத்துக்கு நேரே உட்கார்ந்து ஒவ்வொரு சொல்லாக ஆறுதல் சொன்னவர் அவர்தான்.

எங்கோ கிடந்த அவருடைய படமொன்றைச் சினிமா சங்கத்தார் தேடியெடுத்துத் திரையிட்டார்கள். மருமகளும் ஆசையாய்க் கூட வந்தாள். ராஜா ராணியைப் பிரியும் காட்சி நெருங்கியபோதுதான் அவருக்கு நினைவு வந்தது.

படம் பிடித்த அன்று, ராணியாக நடித்தவளுக்கு அழுகையே வரவில்லை. வெயில் இறங்கிக்கொண்டிருந்தது, டைரக்டர் கத்தினார். அவள் பெற்ற பிள்ளையைப் புதைத்த கையோடு வேலைக்கு வந்திருந்தவள். "அழுடி. உம் புள்ளையக் குழியில வச்சப்ப அழுதியே, அப்படி அழு" என்றார் இவர், உருகும் முகத்தோடு. அவள் அழுதாள். அந்த அழுகையை ஊரே புகழ்ந்தது.

இப்போதும் கூடம் கைதட்டியது. மருமகள் அவர் கையைச் சுரண்டினாள். தன் குரல் தனக்குக் கேளாததால் உரக்கவே பேசுபவள் அவள். "'அழுடி'ன்னு மெரட்டுறீங்களே! அப்புறம் என்ன மாமா? பிடிபடல."

"ஒண்ணுமில்லம்மா. கொசு."

"ஒன்ஸ் மோர்!" என்றார் பின்வரிசைக்காரர் ஒருவர். சங்கத் தலைவருக்கு உற்சாகம் தாங்கவில்லை. சுருளைப் பின்னால் ஓட்டச் சொன்னார். மருமகள் முன்னால் சாய்ந்து, கண்ணைச் சுருக்கிக்கொண்டு காத்திருந்தாள்.

மறுபடி அந்த ராஜா ராணியின் பக்கம் திரும்பினான். கிழவர் எழுந்துவிட்டார்.

"உக்காருங்கய்யா, மறைக்குது!"

அவர் உட்காரவில்லை. வெளிச்சக் கற்றைக்குள் கையை நீட்டினார். திரையில் அந்த அழகான முகம் அசைந்த பக்கமெல்லாம், ஒரு கறுப்புக் கை கூடவே போய் வாயைப் பொத்தியது.