காத்தோங்கில் ஒரு கோணல் டார்ட்

சிங்கப்பூரின் காத்தோங் பகுதியில், ஓர் அடுக்குமாடி வீட்டில் டிரான்சிஸ்டர் பாடுகிறது. நான் விருந்தாளியாகத் தங்கியிருக்கும் வீட்டின் ஸ்டெல்லா அக்கா, தேய்த்த மாவின் நடுவில் அன்னாசித் துண்டுகளைக் குவிக்கிறார். அச்சுத் தட்டு இல்லாததால் ஓரங்களைக் கையாலேயே மடித்துவிடுகிறார். ஜன்னலுக்கு வெளியே நீட்டிய மூங்கில் கம்பில் அவர் காயப்போட்ட துணி கீழ்வீட்டுக் கமலாவின் துணிமேல் சொட்டியதால், ஒரு வாரமாக இருவருக்கும் பேச்சில்லை. சமாதானத்துக்குத்தான் இந்த டார்ட், பழம் வைத்துச் சுடும் பலகாரம்.

ஓவனில் வேகும்போது டார்ட்டின் ஒரு பக்கம் பிளந்து சாறு வழிகிறது. அக்காவின் முகம் வாடிவிடுகிறது.

"சூடா இருக்கும்போதே கொடுத்துடலாம்க்கா" என்று தட்டோடு அவரைக் கீழ்வீட்டுக்கு இழுத்துப் போகிறேன்.

கமலா கதவைத் திறந்து தட்டையே பார்க்கிறார். "இது என்னா ஷேப்பு, ஸ்டெல்லா?"

"எனக்கே தெரியல லா."

கமலாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வருகிறது. "உள்ள வாங்க, காப்பி போடுறேன்."

கத்தி தேடக்கூடப் பொறுமையில்லாமல், முதல் துண்டைக் கமலாவே பிய்த்து வாயில் போட்டுக்கொள்கிறார்.