ஒரு நூல் எரிந்தால் போதுமா?

கடையில் வியாபாரம் படியப்போகிற நேரம் பார்த்து, ஓனரின் மகளே குறுக்கே புகுந்தால் எப்படி இருக்கும்? போன ஞாயிறு கண்ணால் பார்த்தேன்!

காஞ்சிபுரத்தில் என் அண்ணனுக்குப் பட்டுப்புடவைக் கடை. மகள் மீனா, பி.எஸ்ஸி. கணிதம் கடைசி வருடம். அவளுக்கு எம்.எஸ்ஸி. படிக்க ஆசை. அண்ணனுக்கோ அவளைக் கல்லாவில் உட்கார வைக்க ஆசை. வீட்டில் தினமும் இதே பஞ்சாயத்துதான்.

அன்று கல்யாணப் புடவை எடுக்க வேலூரிலிருந்து ஓர் அம்மா வந்திருந்தார். "அசல் பட்டுதானா?" என்றார். அண்ணன் வழக்கம்போல ஓரத்திலிருந்து ஒரு நூலை உருவி, தீக்குச்சியைக் கிழித்தார். முடி கருகிய வாசனை. சாம்பலை விரலால் நசுக்கியதும் பொடிப்பொடியாக உதிர்ந்தது.

"பாத்துக்கினீங்களாமா? சுத்தப் பட்டு. ப்ரூஃப் கண்ணெதிர்லயே இருக்குது!"

"அது அந்த நூலுக்குத்தாம்பா ப்ரூஃப். புடவைக்கு இல்ல" என்றாள் மீனா.

சும்மா இருக்கக் கூடாதா? அவளால் முடியாது! முதல் செமஸ்டரில் சில எண்களைப் போட்டுப் பார்த்துவிட்டு, 'எனவே எல்லா எண்ணுக்கும் சரி' என்று எழுதியவள்தான் இவள். பேராசிரியை முட்டை போட்டு, ஓரத்தில் 'மிச்ச எண்கள்?' என்று கேட்டிருந்தார். அழுதாள். அப்புறம் விஷயத்தைப் பிடித்துக்கொண்டாள். இப்போது காரணம் எழுதாமல் அடுத்த வரிக்கே போக மாட்டாள். நாமோ ஒரு மருமகளைப் பார்த்துவிட்டு உலகத்து மருமகள்களுக்கெல்லாம் சர்டிஃபிகேட் கொடுக்கிறோம்! எனக்கு அவளால் ஒரே பெருமை... அந்த நிமிடம் தவிர.

அண்ணன் முகம் சிவந்துவிட்டது. "அப்ப புடவை பூரா கொளுத்திக்கினு நிக்கணுமா?"

"கொளுத்தினா ப்ரூஃப் இருக்கும்பா. புடவை இருக்காது."

வேலூர் அம்மா விழுந்து விழுந்து சிரித்தார். "ஓனர் பொண்ணே இப்படிப் பேசுதுன்னா இந்தக் கடைய நம்பலாம். பேக் பண்ணுங்க!"

"ஆன்ட்டி, அதுவும் ப்ரூஃப் இல்ல..."

அண்ணன் பாய்ந்துபோய் பில் போட்டார். அந்த அம்மா படி இறங்கியதும் என் பக்கம் திரும்பினார். "இவள எம்.எஸ்ஸி.க்கே அனுப்பிடலாம்மா. கல்லால உக்கார வச்சா கடைய இழுத்து மூட வேண்டியதுதான்!"

மீனா துள்ளிக் குதித்தாள். அத்தோடு விட்டாளா? "காரணம் தப்புப்பா... ஆனா முடிவு கரெக்ட்!"

இப்படி எழுதினால் அவள் பேராசிரியை மார்க் போட மாட்டார். நான் அண்ணனுக்கு நூற்றுக்கு நூறு போட்டுவிட்டேன்.