வாத்துக்குழல் எண்ட்ரெஸ்

எண்ட்ரெஸ் லம்மருக்கு மேல்வரிசை முன்பற்கள் நான்கும் கிடையாது. யாரைக் கேட்டாலும் கோபுரப் படியில் விழுந்துவிட்டான் என்பார்கள். நகரசபைப் பதிவேட்டிலும் அப்படித்தான் எழுதியிருக்கிறது. படியில் விழுந்தவனுக்கு மூக்கும் தாடையும் முழங்கையும் தப்பி, சொல்லிவைத்த மாதிரி நான்கு பற்கள் மட்டும் எப்படிப் போகும் என்று எங்கள் ஊர் வின்ட்ஸ்பேர்க்கில் யாரும் கேட்கவில்லை. அப்படியெல்லாம் கேட்கும் பழக்கம் எங்களுக்கு இல்லை.

அவன் அப்பா கோபுரக் காவல்காரர். எங்காவது தீப்பிடித்தாலும், குதிரைக்காரர்கள் வருவது தெரிந்தாலும் மேலிருந்து எக்காளம் ஊத வேண்டும். அப்பாவுக்குப் பிறகு அந்த வேலை எண்ட்ரெஸுக்கு வந்தது. கோபுரத்தில் ஊதலாம், கீழே இறங்கி ஊதக் கூடாது. கீழே எக்காளம் என்பது பிரபுவுக்கும் அவருடைய குதிரைப்படைக்கும் உரியது. அதை ஊத ஆறு பேர் இருந்தார்கள். அவர்களுக்குத் தொப்பியில் இறகு, மார்பில் வெள்ளிச் சரிகை. தலைவர் பெயர் மெல்கியோர் ரூப். சாமானியன் வீட்டு விசேஷத்தில் எவனாவது எக்காளத்தைத் தூக்கினால், பிரபுவின் அங்கியைத் திருடிப் போட்டுக்கொண்ட குற்றம்தான்.

எண்ட்ரெஸ் அந்தக் குற்றத்தைச் செய்தான். இருபத்தாறு வயது. கசாப்புக்காரர் மகள் கல்யாணத்தில் மூன்று பாட்டு ஊதினான். மூன்றாவது பாட்டு உச்சத்துக்குப் போனபோது, பன்றி அறுக்கையில் கண்ணைக்கூடச் சிமிட்டாத அந்தக் கசாப்புக்காரர் அழுதுவிட்டாராம். மறுநாள் காலையில் ரூப்பின் ஆட்கள் கோபுர வாசலுக்கு வந்தார்கள். இரண்டு பேர் எண்ட்ரெஸைச் சுவரோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார்கள். மூன்றாமவன் அவனுடைய எக்காளத்தையே அவன் வாயில் வைத்து, அகன்ற பக்கத்தில் பூட்ஸ் காலால் உதைத்தான். ரூப் ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை. குதிரைக்கு லாடம் அடிப்பதைப் பார்ப்பவர் போல நின்றார்.

பல்லோடு கோபுர வேலையும் போயிற்று. அதன் பிறகு மூன்று வருஷம் வீட்டில் அடுப்பெரிந்தது உர்சுலாவின் கையால்தான். உர்சுலா அவன் மனைவி. வாத்து வியாபாரியிடமிருந்து வாத்துகளை வாங்கி வந்து கொல்லையில் அடைத்து வைத்து, இறகு பிடுங்கி, மெத்தைக்காரருக்குக் கொடுப்பாள். வீடு முழுக்க இறகு பறக்கும். சூப்பிலும் கிடக்கும். எண்ட்ரெஸ் ஒரு மூலையில் உட்கார்ந்து உதட்டை உள்ளே மடித்தபடி சும்மா இருப்பான். நாங்களும் அவனைச் சும்மா விட்டோம். அதுதான் எங்களுக்குத் தெரிந்த இரக்கம்.

ஆயிரத்து எழுநூற்றுப் பதினைந்தில் செபால்ட் வந்தான். கடைசல்காரன். நியூரம்பர்க் பட்டணத்தில் தொழில் கற்றுக்கொண்டு வந்து எங்கள் ஊரில் பட்டறை போட்டவன். மஞ்சள் நிற மரத்தில் கடைந்த நீளக் குழல் ஒன்றைத் துணியில் சுற்றிக்கொண்டு வந்திருந்தான்.

"எண்ட்ரெஸு, இத ஊதிப் பாரேன். நான் ஊதுனா பூன வால மிதிச்ச மாதிரி கத்துது."

"பல்லில்லாதவன்கிட்ட வந்து நிக்கிறியே, உனக்கு வேற ஆளு கெடைக்கலையா?"

"பல்லு இருக்குறவனுங்க எல்லாம் ஊதிப் பாத்துட்டானுங்க. ஒருத்தனுக்கும் மூச்சு பத்தல."

செபால்ட் விளக்கினான். முன்பிருந்த சின்னக் குழல் அடித்தொண்டையில் மட்டும்தான் பேசும். நியூரம்பர்க் கடைசல்காரர்கள் அதையே நீளமாக்கி, கால்பக்கம் எக்காளம் போல விரித்து, முன்னால் ஒரு பித்தளைச் சாவி, பின்னால் ஒரு பித்தளைச் சாவி வைத்திருக்கிறார்கள். பின்னால் இருப்பதைக் கட்டைவிரலால் அழுத்தினால் சத்தம் ஒரே தாவாகத் தாவி உச்சிக்குப் போகும். அங்கே அது எக்காளம் மாதிரியே கேட்கும். அதனால்தான் அதற்குக் கிளாரினெட் என்று பெயர், குட்டி எக்காளம் என்று அர்த்தம்.

ஊதுமுனையில் நாணல் சீவாளியை நூலால் கட்டியிருந்தார்கள். சீவாளி மேலே பார்த்தபடி, மேலுதட்டில் படவேண்டும். எல்லோரும் அப்படித்தான் ஊதினார்கள். எண்ட்ரெஸின் மேலுதட்டுக்குப் பின்னால் தாங்குவதற்கு ஒன்றுமில்லை. சீவாளி குழிக்குள் போய் மாட்டிக்கொண்டது. நான்கைந்து தடவை முயன்றான், காற்றுதான் வந்தது. பிறகு ஊதுமுனையைத் தலைகீழாகத் திருகி, சீவாளியைக் கீழுதட்டில் வைத்தான்.

"ஏய், அது தப்பு," என்றான் செபால்ட்.

"என் வாயே தப்பாத்தான் இருக்கு."

ஊதினான். கட்டைவிரலை அழுத்தினான். கொல்லையில் இருந்த உர்சுலா கையில் பாதி பிடுங்கிய வாத்தோடு உள்ளே ஓடி வந்தாள். மூன்று வருஷத்துக்கு முன்னால் கோபுரத்திலிருந்து கேட்ட அதே சத்தம். பித்தளை இல்லை, மரம்தான், ஆனால் அதே சத்தம். எண்ட்ரெஸ் குழலை மடியில் வைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதான். செபால்ட் தப்பு என்று சொன்னதைத் திரும்பச் சொல்லவில்லை.

அந்தக் கோடையில் எண்ட்ரெஸ் ஏழு கல்யாணத்தில் ஊதினான். எட்டாவதில் ரூப் வந்து வாசலில் நின்று கேட்டார். பிறகு நகரசபையிலிருந்து ஆள் வந்தான். எக்காளத்தை மரத்தில் செய்து ஊரை ஏமாற்றுகிறான் என்று புகார். சபைக்காரர்கள் ஒன்பது பேர் கூடி ஒரு சோதனை வைத்தார்கள். சபை மண்டபத்தில் திரை கட்டுவது. திரைக்குப் பின்னால் எக்காளக்காரன் ஒருவனும் எண்ட்ரெஸும் ஒரே பாட்டை மாறி மாறி ஊதுவது. எது எது என்று சபைக்குத் தெரியாமல் போனால் குழலை எரித்துவிட்டு, எண்ட்ரெஸைச் சவுக்கால் அடித்து ஊரைவிட்டு விரட்டுவது. தெரிந்துவிட்டால் அவன் ஊதிக்கொள்ளலாம்.

செபால்ட் பூரித்துப் போனான். "அவனுங்க காதால ஒருநாளும் கண்டுபிடிக்க முடியாது," என்று பட்டறையில் எல்லோரிடமும் சொன்னான். கண்டுபிடிக்க முடியாவிட்டால் என்ன ஆகும் என்று அவனுக்கு உறைக்கவில்லை. உர்சுலாவுக்கு உறைத்தது. அவளுக்கு அப்போது ஆறு மாதம்.

"நாளைக்கு நீ நல்லா ஊதுனா நாம தெருவுக்குப் போயிடுவோம். அது தெரியுதாய்யா உனக்கு?" என்றாள் வாத்தின் கழுத்தைப் பிடித்துக்கொண்டே.

"தெரியுது."

"அப்ப கேவலமா ஊது. இந்தா, இது கத்துதே, இது மாதிரி. நம்ம வீட்டுல வாத்துக்கா பஞ்சம்? கேட்டுக் கத்துக்க."

"அந்த ரூப் கேட்டுக்கிட்டு இருப்பான், உர்சுலா. என் பல்ல எடுத்தவன். அவன் முன்னால நான் வாத்து மாதிரி ஊதணுமா?"

"அவனுக்காக ஊதாத. வயித்துல இருக்கே, அதுக்காக ஊது."

அவள் கையில் வாத்து கத்திக்கொண்டே இருந்தது.

மண்டபத்தில் திரைக்கும் தரைக்கும் நடுவே ஒரு சாண் இடைவெளி. அந்த வழியாக எண்ட்ரெஸுக்கு ரூப்பின் பூட்ஸ் தெரிந்தது. முதலில் எக்காளக்காரன் ஊதினான். சுமாராகத்தான் ஊதினான். பிறகு எண்ட்ரெஸின் முறை. கட்டைவிரல் தானாகச் சாவியை அழுத்திவிட்டது, உதடு தானாக இறுகிவிட்டது. முதல் நான்கு சுரமும் சுத்தமாக, எக்காளக்காரனுடையதை விடச் சுத்தமாக வந்தன. மண்டபத்தில் பேச்சு நின்றது. அந்தப் பூட்ஸ் ஓர் அடி முன்னால் வந்தது.

எண்ட்ரெஸ் அந்தப் பூட்ஸைப் பார்த்தான். உதட்டைத் தளர்த்தினான்.

வாத்து கத்தியது. ஒருமுறை இல்லை, பாட்டு முடியும் வரைக்கும். ஒன்பது பேரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நகரத்தலைவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "மார்ட்டின் திருநாளுக்கு இன்னும் நாள் இருக்கே, அதுக்குள்ள யாருய்யா வாத்து அறுக்குறது?" என்றார். தீர்ப்பு அங்கேயே எழுதப்பட்டது: இந்தக் குழலின் சத்தம் எக்காளத்தை ஒத்திராமல் வாத்தை ஒத்திருப்பதால், அப்படியே இருக்கும் வரை இவன் இதை ஊதலாம்.

செபால்ட் கடைசி வரிசையில் நின்றிருந்தான். சிரிப்பு அடங்கும் முன்பே வெளியே போய்விட்டான். அதற்குப் பிறகு எங்கள் பக்கத்தில் ஒருவரும் அவனிடம் கிளாரினெட் கேட்கவில்லை. வாத்துக்குழலை யார் வாங்குவார்கள்? இரண்டு வருஷத்தில் பட்டறையை இழுத்து மூடிவிட்டு ஊரைவிட்டே போனான். போகும்போது எண்ட்ரெஸ் வீட்டு வழியாகத்தான் போனான், நின்று பேசவில்லை.

மண்டப வாசலில் ரூப் எண்ட்ரெஸின் தோளில் கை வைத்தார்.

"மொதல் நாலு சுரத்த நான் கேட்டேன்ப்பா. மத்தவங்க மறந்துட்டாங்க, நான் மறக்க மாட்டேன். இனிமே வாத்தாவே இரு. நான் கேட்டுக்கிட்டே இருப்பேன்."

எண்ட்ரெஸ் வாத்தாகவே இருந்தான். எங்கள் ஊருக்கு அது பிடித்துப் போயிற்று. வாத்துக்குழல் இல்லாத கல்யாணம் கல்யாணமே இல்லை என்று ஆயிற்று. ஊதி முடித்ததும் யாராவது ஒருவன் கையை இறக்கை மாதிரி அடித்துக்கொண்டு வட்டமடிப்பான், எல்லோரும் சிரிப்பார்கள், எண்ட்ரெஸுக்கு பியரும் ரொட்டியும் தொத்திறைச்சியும் வரும். நானும் சிரித்தவன்தான். சிரித்ததற்கு இப்போது வெட்கமாக இருக்கிறது. அது யாருக்கும் உபயோகமில்லாத வெட்கம்.

உர்சுலாவுக்குப் பெண் பிறந்தது. பார்பெல் என்று பெயர் வைத்தார்கள். மூன்றாவது வயதில் அம்மை வந்து குழந்தை செத்துப்போயிற்று. அடக்கத்துக்கு மறுநாள் தோல் பதனிடுகிறவர் வீட்டில் கல்யாணம். எண்ட்ரெஸ் போனான், ஊதினான், கத்தினான்.

ஊருக்கு வெளியே போய் ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, சரியாக ஊதிப் பார்க்க வேண்டும் என்று அவன் உர்சுலாவிடம் சொல்லிக்கொண்டிருப்பான். காட்டில் பிரபுவின் வேட்டைக்காரர்கள், ஆற்றங்கரையில் துணி துவைக்கும் பெண்கள். யார் போய் ரூப்பிடம் சொல்வார்கள் என்று தெரியாது. பிறகு பார்க்கலாம் என்று தள்ளிப்போட்டான். அந்தப் பிறகு இருபத்தைந்து வருஷம் நீண்டது. அதற்குள் மிச்சப் பற்களும் ஒவ்வொன்றாகப் போயின.

ஆயிரத்து எழுநூற்று நாற்பத்தொன்றில் எங்கேயோ சண்டைக்குப் போகிற படை ஒன்று எங்கள் ஊரில் தங்கியது. ஞாயிற்றுக்கிழமை காலையில் தேவாலயத்துக்கு முன்னால் அவர்களுடைய வாத்தியக்காரர்கள் நின்று ஊதினார்கள். அதில் இரண்டு பேர் கையில் கிளாரினெட். எண்ட்ரெஸுடையதை விடக் கொஞ்சம் நீளம், இரண்டு சாவிக்குப் பதில் மூன்று. சிறுவயதுக்காரர்கள். உச்சிக்குத் தாவினார்கள், அங்கேயே நின்று விளையாடினார்கள். எங்கள் ஆட்கள் வாயைப் பிளந்துகொண்டு கேட்டார்கள். வாத்துக்குழலில் இப்படியெல்லாம் வருமா என்று ஒருவரை ஒருவர் கேட்டுக்கொண்டார்கள்.

எண்ட்ரெஸ் வாத்தியக்காரர்களைப் பார்க்கவில்லை. எதிர்வீட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தான். அங்கே ரூப் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். எண்பதை நெருங்கிய கிழவர், மடியில் கம்பளி. கிழவரின் விரல்கள் ஜன்னல் கட்டையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தன.

பாட்டு முடிந்ததும் எண்ட்ரெஸ் ஜன்னலுக்குக் கீழே போய் நின்றான்.

"ஐயா, கேட்டீங்களா?"

"கேட்டேன். நல்லா ஊதுறானுங்க, இல்ல?"

"அது எக்காளம் மாதிரி இல்லீங்களா?"

"எக்காளமேதான்," என்றார் ரூப். "இப்ப அதையெல்லாம் யாருப்பா கேக்குறாங்க? பிரபு எங்க ஆறு பேர ரெண்டாக் கொறச்சுட்டாரு. இதுங்க எல்லாப் படையிலயும் வந்தாச்சு. நீ இன்னுமா அந்த வாத்தக் கட்டிக்கிட்டு அழுவுற? ஆசையா இருந்தா ஊதிக்க போ."

கிழவர் அதைப் பரிகாசமாகச் சொல்லவில்லை. மனசாரத்தான் சொன்னார்.

எண்ட்ரெஸ் வேகமாக நடந்தான். ஓடினான் என்று கூடச் சொல்லலாம். வீட்டுக்குள் போய், நடு மத்தியானத்தில், கதவு ஜன்னல் எல்லாவற்றையும் அகலத் திறந்து வைத்தான். உர்சுலா முக்காலியில் உட்கார்ந்து இறகு பிடுங்கிக்கொண்டிருந்தாள்.

"என்னய்யா, பேய் புடிச்சவன் மாதிரி?"

"ஊதலாம்னு சொல்லிட்டான்."

"யாரு?"

"ரூப்பு. ஊதிக்கன்னு சொல்லிட்டான்."

உர்சுலா கையை இடுப்பில் கட்டியிருந்த துணியில் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். எண்ட்ரெஸ் புதுச் சீவாளி ஒன்றை எடுத்து, எச்சிலில் நனைத்து, நூல் சுற்றிக் கட்டினான். அவசரத்தில் இரண்டு தடவை கட்ட வேண்டியிருந்தது. ஈறுகளுக்கு நடுவில் வைத்தான். கட்டைவிரலை அழுத்தினான்.

வாத்து கத்தியது.

உதட்டை இறுக்கினான். கழுத்து நரம்பு புடைக்க, முகம் சிவக்க ஊதினான். வாத்துதான். சீவாளியைக் கழற்றிப் பழையதைப் போட்டான். ஊதுமுனையைத் திருகி, எல்லோரையும் போல மேலுதட்டில் வைத்துப் பார்த்தான். திரும்பக் கீழுதட்டுக்கு மாற்றினான். அந்த நான்கு சுரத்தில் முதல் சுரத்தையாவது பிடிக்கப் பார்த்தான். அந்த உதட்டுக்கு இருபத்தைந்து வருஷமாக ஒரே ஒரு வேலைதான் தெரியும், அதை அது ஒழுங்காகச் செய்தது.

கொல்லையில் அடைத்திருந்த வாத்துகள் அந்தக் குரலைக் கேட்டு ஒன்றன்பின் ஒன்றாகப் பதில் கொடுக்க ஆரம்பித்தன. தெருவில் போன யாரோ சிரித்தார்கள். உர்சுலா எழுந்து போய், முதலில் தெருக்கதவையும் பிறகு கொல்லைக் கதவையும் சாத்தினாள்.