நடுவட்டத்தில் உடைத்த பூசணிக்காய்

மாலை நான்கு இருபதுக்கு அந்தப் பூசணிக்காயை ஆடுகளத்தின் நடுவட்டத்தில் போட்டு உடைத்தார்கள். நேரம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. நாலரைக்கு மகள் வாழைப்பழம் சாப்பிட வேண்டும். அதற்காக நான் புள்ளிப் பலகையின் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆட்டம் ஆறரைக்கு. பெண்கள் சம்பளத்துக்கு ஆடும் கூடைப்பந்துத் தொடர் அது. பெரிய ஊர்களிலேயே நடந்துகொண்டிருந்ததை, அந்த வருஷம் ஒரே ஒரு ஆட்டத்துக்குத் தருமபுரிக்குக் கொண்டுவந்திருந்தார்கள். என் மகள் இந்த ஊர்ப் பெண் என்பதும் அதற்கு ஒரு காரணம். பேருந்து நிலையம் வரைக்கும் அவள் படம் போட்ட பேனர்கள். பேனரில் அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். பத்து மாதத்துக்கு முன்பு எடுத்த படம், இடது முழங்கால் ஜவ்வு அறுவதற்கு முன்பு.

வெளியூர் ஆட்டம் ஒன்றில் ஓடிவந்து திரும்பியபோது அறுந்தது. அறுவைச் சிகிச்சை முடிந்து, ஊன்றுகோலில் நடந்து, பிறகு எங்கள் வீட்டு மாடிப்படியில் ஒவ்வொரு படியாக ஏறி இறங்கி, அந்தக் காலை அவள் மறுபடி தயார் செய்தாள். நான் கணக்கு டீச்சர். பள்ளியிலிருந்து வந்ததும் அவள் காலடியில் உட்கார்ந்து ரப்பர் பட்டையை இழுத்துப் பிடிப்பதுதான் என் சாயங்கால வேலை. கடைசியாக அணி நிர்வாகம் சொல்லிவிட்டது: தொடரில் இன்னும் இரண்டு ஆட்டங்கள் இருக்கின்றன, அவற்றில் ஓடிக் காட்டினால் அடுத்த வருஷமும் ஒப்பந்தம் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. அந்த இரண்டில் முதலாவது, சொந்த ஊரில் நடக்கவிருந்த இந்த ஆட்டம்.

ஆட்டம் உள்ள நாளில் எல்லோருக்கும் முன்னால் களத்துக்கு வந்துவிடுவது அவள் வழக்கம். அணியினர் பைபாஸ் ரோட்டு லாட்ஜில் தூங்கிக்கொண்டிருக்க, அவள் மட்டும் ஆட்டோ பிடித்து மூன்று மணிக்கே வந்துவிட்டாள். நானும் என் கணவரும் வாழைப்பழம், வேகவைத்த சர்க்கரைவள்ளிக் கிழங்கு, ஐஸ் பெட்டி எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு அதற்கும் முன்னதாக வந்திருந்தோம்.

பழைய சிமெண்டுத் தரை தெரியாதபடி, ஒன்றோடொன்று மாட்டும் நீல நிற பிளாஸ்டிக் பலகைகளைப் பரப்பியிருந்தார்கள். பலகை முழுக்கச் சின்னச் சின்ன ஓட்டைகள். மகள் ஷூவைக் கழற்றிவிட்டு, ஒரு மூலையிலிருந்து மறு மூலைவரை வெறுங்காலில் மெதுவாக நடந்தாள். எங்காவது பலகை லேசாகத் தூக்கிக்கொண்டிருந்தால் நின்று குதிகாலால் தட்டினாள். என் கணவர் ஓடிப்போய் அதை அமுக்கினார்.

"ப்பா, இது ஒண்ணுதான் ஆடுது. மத்தபடி நல்லாருக்கு" என்றாள்.

பிறகு உட்கார்ந்து முழங்காலுக்கு டேப் சுற்றினாள். இழுத்து, நீட்டி, மெல்ல ஓடி, கால் சூடேறிய பிறகுதான் பந்தைத் தொட்டாள். அவள் நெற்றியில் வேர்வை பூத்ததைப் பார்த்து எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது.

அப்போதுதான் விழாக் குழுத் தலைவர் ஏழெட்டுப் பேரோடு தாம்பாளம், சூடம், பெரிய வெள்ளைப் பூசணிக்காய் சகிதம் வந்தார். ஊரில் ஹார்டுவேர் கடை வைத்திருப்பவர். அவருடைய பெண் என்னிடம் படித்தவள்.

"பாப்பா, ரெண்டு நிமிஷம் ஓரமா நில்லும்மா. புதுத் தரை. ஒரு பூசையப் போட்டுடறோம்."

சூடம் காட்டுவார்கள் என்றுதான் நினைத்தேன். காட்டினார்கள். நானும் கன்னத்தில் போட்டுக்கொண்டேன். பூசணிக்காயில் துளை போட்டுக் குங்குமத்தைக் கொட்டி, சூடத்தை ஏற்றிச் சுற்றினார்கள். வெளியே வாசலுக்குக் கொண்டுபோவார்கள் என்று நான் வழிவிட்டு ஒதுங்கினேன். அவர் நேராக நடுவட்டத்துக்குப் போய்க் காயைத் தலைக்குமேல் தூக்கினார்.

சிவப்புச் சதை நாலாபக்கமும் தெறித்தது. ஒரு துண்டு மகளின் பந்தில் வந்து ஒட்டியது.

"என்னாங்க பண்றீங்க?" என்று நான் கத்திவிட்டேன்.

"திருஷ்டிங்க டீச்சர்" என்றார் அவர், கையைத் துடைத்துக்கொண்டே. "ஊர்க் கண்ணெல்லாம் இன்னிக்கு இந்தத் தரை மேலதான். உங்க பொண்ணு மேலயுந்தான். பாப்பாவுக்காவத்தான் பெரிய காயா பாத்து வாங்கியாந்தேன்."

"அவ இதுமேல ஓடணுங்க!"

"ஓடட்டும். யாரு வேணான்னது?"

கூட இருந்தவர்கள் சிரித்தார்கள்.

பூசணிக்காய் உடைப்பதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. என் கணவர் மாரண்டஹள்ளியில் டிராக்டர் உதிரிபாகக் கடை வைத்திருக்கிறார், ஆயுதபூஜைக்கு அவரும் உடைக்கிறவர்தான். ரோட்டில் உடைக்கிறார். அங்கேயும் மறுநாள் காலையில் யாராவது வண்டியோடு சறுக்கி விழுகிறார்கள். இது இந்த ஊரில் யாருக்குத் தெரியாது? தெரிந்துதான், நாலு மாடிப்படி ஏற மாதக்கணக்கில் பல்லைக் கடித்த ஒரு பெண் ஓட வேண்டிய இடத்தில் அதைப் போட்டு உடைத்தார்கள்.

"சரி, உடைச்சிட்டீங்க. தொடைக்கச் சொல்லுங்க" என்றேன்.

விழாக் குழு பனியன் போட்ட இளைஞர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். ஒருத்தன் மட்டும் பேசினான். "உடைச்ச காய நாங்க தொடக் கூடாதுங்க மேடம். தொட்டா அந்தக் கண்ணு நம்ம மேல வந்துரும். வூட்ல கைக்கொழந்த இருக்குதுங்க."

"அப்ப யாருதான் தொடைக்கறது?"

"காலையில முனிசிபாலிட்டி பொம்பளைங்க வந்து கூட்டுவாங்கல்ல."

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அந்தப் பெண்களின் கையில் மட்டும் எந்தக் கண்ணும் ஒட்டாதா? அவர்கள் வீட்டில் கைக்குழந்தை இல்லையா? கேட்டேன். பதிலுக்கு இன்னொருத்தன் நல்லெண்ணத்தோடு ஒரு குடம் தண்ணீரைத் தூக்கி ஊற்றினான். சதை கரைந்து அரை வட்டத்துக்கு ஓடியது. விதைகள் பலகை ஓட்டைகளில் போய் உட்கார்ந்துகொண்டன.

நான் மகளுடைய துண்டை எடுத்துக்கொண்டு முட்டி போட்டேன். துண்டால் துடைத்தால் மேலே இருப்பது வந்தது, விதை வரவில்லை. கொண்டை ஊசியைக் கழற்றி ஒவ்வொரு ஓட்டையாகக் குத்தி எடுத்தேன். முன்கூட்டியே வந்து படிக்கட்டில் இடம் பிடித்திருந்த பெண்களில் யாரோ ஒருத்தி குரல் கொடுத்தாள்: "டீச்சரம்மா, அப்புடியே ஒரு கோலமும் போட்டுருங்க!"

"ம்மா, வுடும்மா. நான் பாத்துக்கறன்" என்றாள் மகள்.

"நீ முட்டி மடக்காத. போயி ஒக்காரு."

என் கணவர் குனிந்து காதருகே சொன்னார், "எந்திரி. எல்லாரும் பாக்கறாங்க."

"பாக்கட்டும். அந்தக் கண்ணும் என் மேலயே வரட்டும்."

அவர் பேண்ட்டை இழுத்துவிட்டுக்கொண்டு எனக்கு எதிரே முட்டி போட்டு, கைக்குட்டையால் துடைக்க ஆரம்பித்தார்.

பாதிதான் முடிந்திருக்கும். தலைவர் போனைக் காதில் வைத்தபடியே ஓடிவந்தார். "சிறப்பு விருந்தினரு பாலக்கோட்டத் தாண்டிட்டாராம். எந்திரிங்க டீச்சர், ஃபோட்டோ எடுக்கற எடம் இது. வர்றவரு என்னா நெனைப்பாரு?"

"இன்னும் விதை இருக்குதுங்க."

"அதுக்குத்தான் கார்ப்பெட் வருது."

சிவப்புக் கம்பளம் வந்தது. நாங்கள் துடைக்காத பாதியின்மேல் அதை உருட்டி விரித்தார்கள். ஈரத்தின் மேல், சதையின் மேல், அப்படியே.

ஐந்து மணிக்கு அணியின் பேருந்து வந்தது. இறங்கிய வீராங்கனைகள் கையில் ஆளுக்கொரு தட்டைக் கொடுத்தார்கள். சந்தனம், கல்கண்டு, பன்னீர்ச் சொம்பு. கம்பளத்தின் இரு பக்கமும் வரிசையாக நிற்கச் சொன்னார்கள். உடம்பைச் சூடேற்ற வேண்டும் என்று பயிற்சியாளர் எத்தனையோ தடவை சொல்லிப் பார்த்தார். "ரெண்டே நிமிஷம் சார், வந்துட்டாரு சார்." என் மகளை முதல் ஆளாக நிறுத்தி, கையில் சந்தனக் கிண்ணத்தைக் கொடுத்திருந்தார்கள். உள்ளூர்ப் பெண்ணல்லவா. மூன்று மணியிலிருந்து அவள் சூடேற்றி வைத்திருந்த முழங்கால் அங்கே நின்றே ஆறிக்கொண்டிருந்தது. எடையை அவள் வலது காலுக்கு மாற்றுவதையும், மறுபடி இடது காலுக்கு மாற்றிப் பார்ப்பதையும் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். வேறு யாரும் பார்க்கவில்லை.

ஆறு மணியாகியும் விருந்தினர் வரவில்லை. பயிற்சியாளர் பொறுமையிழந்து, "தட்டெல்லாம் கீழ வைங்க. எல்லாரும் உள்ள வாங்க" என்று சத்தம் போட்டார். கம்பளத்தைச் சுருட்டினார்கள். அடியில் எல்லாம் அமுங்கி, அரைத்த விழுது மாதிரி கிடந்தது. அணிப் பெண்கள் தங்கள் துண்டுகளாலேயே துடைத்தார்கள். பார்வைக்குத் தரை பளிச்சென்று ஆகிவிட்டது. ஓட்டைகளுக்குள் இருப்பதைக் குனிந்து பார்க்க நேரமில்லை. பயிற்சிக்கு மீதி இருந்தது கால் மணி நேரம்தான். நான் வரம்புக் கோட்டுக்கு வெளியே நின்று "நடுவுல போகாத, நடுவுல போகாத" என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். தாரை தப்பட்டையைத் தொடங்கியிருந்தார்கள். அவளுக்குக் கேட்டிருக்காது.

அவள் ஓடிவந்து, பந்தை வாங்கி, இடது காலை ஊன்றித் திரும்பினாள். ஜவ்வு அறுந்த நாளன்று செய்த அதே திருப்பம். கால் நிற்கவில்லை, முன்னால் வழுக்கிக்கொண்டு போனது. பந்தை விட்டுவிட்டு இரண்டு கையாலும் முழங்காலைப் பிடித்தபடி அவள் உட்கார்ந்துவிட்டாள். அழவில்லை. தலையைத் திருப்பி என்னைத் தேடினாள்.

இரண்டு பேர் தூக்கிவந்து பெஞ்சில் உட்காரவைத்தார்கள். அணியின் பிசியோதெரபிஸ்ட் காலையில் வேறொரு வீராங்கனையை ஸ்கேன் எடுக்கச் சேலம் கூட்டிப்போயிருந்தார். திரும்பும் வழியில் தொப்பூர் கணவாயில் லாரி கவிழ்ந்து, வண்டிகள் நகரவில்லை. அவர் வந்து பார்க்கும்வரை அவள் காலை ஊன்றவே கூடாது என்று போனில் சொல்லிவிட்டார். நான் ஐஸ் கட்டியைத் துணியில் சுற்றி வைத்தேன்.

"வலிக்குதாடி?"

"தெரியல ம்மா."

"போன தடவ மாதிரி உள்ள சத்தம் கேட்டுச்சா?"

"கேக்கலன்னுதான் நெனைக்கறன். இந்த மோளத்துல எங்க கேக்கறது."

அவள் இல்லாமல் ஆட்டம் தொடங்கியது. தொடங்கும் முன் மைக்கில் ஓர் அறிவிப்பு. சிறப்பு விருந்தினர் அவசரப் பணியாக வழியிலேயே ஒசூருக்குத் திரும்பிவிட்டார், ஆட்டத்தைத் தொடங்கிக்கொள்ளச் சொல்லிப் பெருந்தன்மையோடு அனுமதி தந்திருக்கிறார், அவருக்கு விழாக் குழுவின் நன்றி. கூட்டம் கைதட்டியது.

தலைவர் எங்கள் பெஞ்சுக்கு வந்தார். முகத்தில் நிஜமான கவலை இருந்தது. குளிர்ந்த மோர்ப் பாக்கெட் ஒன்றை மகளிடம் நீட்டினார். பிறகு என்னிடம் தாழ்ந்த குரலில் சொன்னார்: "பாத்தீங்களா டீச்சர், கண்ணு எவ்ளோ பொல்லாதுன்னு? காய் மட்டும் உடைக்காம இருந்திருந்தா, இன்னிக்குக் காலே போயிருக்கும்."

கேலியாகச் சொல்லியிருந்தால் நான் தாங்கியிருப்பேன். அவர் நம்பிச் சொன்னார். நான் எழுந்துவிட்டேன். என் கணவர்தான் என் தோளைப் பிடித்து அமுக்கி உட்காரவைத்தார். அவர் விரல்கள் குங்குமத் தண்ணீரில் சிவந்திருந்தன.

ஆட்டத்தில் என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது. வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன். வண்டி வெளிச்சம் ஒவ்வொன்றுக்கும் எழுந்தேன். மகள் தன் அணி புள்ளி எடுக்கும்போதெல்லாம் கைதட்டினாள். முழங்காலை மட்டும் பார்க்கவில்லை.

இரண்டாம் பகுதி நடந்துகொண்டிருந்தபோது பிசியோதெரபிஸ்ட் வந்தார். முப்பது வயது இருக்கும் அந்தப் பெண்ணுக்கு. கணவாயில் பாதி தூரம் நடந்து, வேறு வண்டி பிடித்து வந்ததாகப் பின்னால் தெரிந்தது. யாரிடமும் பேசாமல் பையைக் கீழே வைத்துவிட்டு மண்டியிட்டார். முழங்காலை லேசாக மடக்கி, ஒரு கையால் தொடையைப் பிடித்து, மறு கையால் கீழ்க்காலை முன்னால் இழுத்துப் பார்த்தார். கண்ணை மூடிக்கொண்டு இன்னொரு தடவை இழுத்தார்.

"ஜவ்வு அறுந்துபோகல. நல்லாப் பிடிச்சிட்டிருக்கு" என்றார்.

"ஆடலாமாக்கா?" என்று மகள் உடனே கேட்டாள்.

"இன்னிக்கு வேணாம். நாளைக்கு வீக்கத்தப் பாத்துட்டு அடுத்த ஆட்டத்துக்குச் சொல்றேன்."

மகள் தலையாட்டினாள். இரண்டில் ஒன்று போய்விட்டது. அதன் பிறகுதான் அவள் முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டாள். பூசணிக்காய் துடைத்த அதே துண்டு.

கட்டுப் போடுவதற்காக அந்தப் பெண் இடது கால் ஷூவைக் கழற்றித் திருப்பினார். அடிப்பாகத்தின் வரிப்பள்ளத்தில் என்னவோ ஒட்டியிருந்தது. நகத்தால் நெம்பி எடுத்து, விளக்கு வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். தலைவர் இரண்டடி தள்ளித்தான் நின்றுகொண்டிருந்தார். நான் அவரைப் பார்த்தேன். அவர் ஆட்டத்தைப் பார்த்தார்.

"ஏம்மா," என்று பிசியோதெரபிஸ்ட் என்னிடம் கேட்டார், "பாஸ்கெட்பால் ஷூவுல பூசணி விதை எப்படிம்மா வந்துச்சு?"